கொரில்லா: குரங்கல்ல, குட்டிப் போர்

தமிழ் நாளிதழ்களில் ‘கொரில்லாப் போர்’ என்று படித்ததும் மனிதக் குரங்கு நினைவுக்கு வருவது எழுத்துக்கூட்டலின் கோளாறு. இரண்டுக்கும் உறவே இல்லை. ஸ்பானிய மொழியில் ‘கெர்ரா’ என்றால் போர். சிறுமை காட்டும் ‘இல்லா’ விகுதி சேர்ந்தால் ‘கெரில்லா’, அதாவது சின்னப் போர். போரிடுகிறவர் அங்கே ‘கெரில்லேரோ’. ஆளையே கெரில்லா என்பது பிற மொழிகளின் கைவண்ணம்.

சொல் உலகப் புகழ் பெற்றது 1808இல். மே 2 அன்று பிரெஞ்சுப் படைகளுக்கு எதிராக மாட்ரிட் கொதித்தெழுந்தது. அதன் பிறகு நெப்போலியன் தன் அண்ணன் ஜோசப்பை ஸ்பெயினின் அரியணையில் அமர்த்தினார். ஸ்பெயினின் படைகள் நேருக்கு நேர் மோதித் தோற்றுப்போக, உழவர்களும் பாதிரிமார்களும் மலைகளில் கூடினர். உழவர் வீட்டுப் பிள்ளையான எஸ்போஸ் இ மினா, நவார்ராவில் ஒரு தனிப்படையையே வளர்த்தெடுத்தார்.

உத்தி எளிது: கோட்டையை விட்டுவிடு, சாலையைப் பிடி. தபால்காரன், தானிய வண்டி, பின்தங்கிய சிப்பாய், இவைதாம் இலக்கு. ஒரு கடிதம் ஊர் போய்ச் சேர பிரெஞ்சுக்காரர்கள் நூற்றுக்கணக்கான குதிரைவீரர்களைத் துணைக்கு அனுப்ப வேண்டியதாயிற்று. பறித்த கடிதங்கள் பிரிட்டிஷ் தளபதி வெலிங்டனிடம் போயின. அவருடைய அதிகாரி ஜார்ஜ் ஸ்கோவெல் அவற்றின் சங்கேத எண்களை உடைத்தார். வீரத்தைவிட இந்தத் தபால் திருட்டே பிரெஞ்சுக்காரர்களை அதிகம் வாட்டியது எனலாம்.

இந்த முறை ஸ்பெயினுக்கு முன்பே உண்டு. பெயர்தான் அங்கே கிடைத்தது. ஈழத்துத் தமிழில் இது ‘கரந்தடிப் போர்’. கரத்தல் என்றால் மறைதல், மறைந்திருந்து அடிப்பது.