சாயம் பூசாத வேடம்: ரொக் கோமாளிகளும் இலங்கை வானொலிக் கோமாளிகளும்

1973இல் நியூயோர்க்கில் தொடங்கிய கிஸ் இசைக்குழுவின் நால்வரும் முகத்தில் வெள்ளைச் சாயம் அப்பிக்கொண்டு அரக்கன், நட்சத்திரப் பிள்ளை, விண்வெளி மனிதன், பூனை மனிதன் என்று மேடையேறினார்கள். அதே பத்தாண்டில் கொழும்பு ஒலிபரப்பு நிலையத்தில் இன்னொரு நால்வர் மரிக்கார், உபாலி, அப்புக்குட்டி, ஐயர் என்று மாறினார்கள். அவர்களிடம் சாயமும் இல்லை, மின்கிட்டாரும் இல்லை.

மேற்கில் வேடம் முதலில் வந்தது அச்சமூட்டத்தான். ரொக் பாடகர் அலிஸ் கூப்பர் மேடையிலேயே போலிக் கில்லட்டினில் தலையைக் கொடுத்தார். கிஸ்ஸின் ஜீன் சிமன்ஸ் வாயிலிருந்து நெருப்பும் செயற்கை இரத்தமும் கக்கினார். இந்தப் பகட்டு வளர வளர, அதுவே பகிடிக்கு ஆளானது. 1984இல் வெளிவந்த ‘திஸ் இஸ் ஸ்பைனல் டாப்’ திரைப்படம் இல்லாத ஒரு ரொக் குழுவை உண்மையானது போலக் காட்டிக் கேலி செய்தது. 18 அடியில் எழும்ப வேண்டிய கற்றூண், வரைபடத்தில் அடிக்குப் பதில் அங்குலக் குறி விழுந்ததால் 18 அங்குலத்தில் மேடையில் இறங்கும் காட்சியை இன்றும் இசைக்காரர்கள் சொல்லிச் சிரிக்கிறார்கள். அதே ஆண்டு அமெரிக்காவின் ரிச்மண்ட் நகரில் தோன்றிய குவார் குழு, வேற்றுக்கிரக அரக்கர் வேடத்தில் கூட்டத்தின் மேல் போலி இரத்தத்தைப் பீய்ச்சியது. 2006இல் பின்லாந்தின் லோர்டி, இரப்பர் முகமூடிகளுடன் ஏதென்ஸில் யூரோவிஷன் போட்டியையே வென்றது.

கொழும்பின் கதை வேறு. எஸ். ராம்தாஸ் எழுதி நடித்த ‘கோமாளிகளின் கும்மாளம்’ வானொலி நாடகத்தில் வேடம் முழுக்க நாக்கில் இருந்தது. ராம்தாஸ் முஸ்லிம் தமிழ் பேசும் மரிக்கார் ஆனார். செல்வசேகரன் சிங்களவர் பேசும் தமிழைக் கொண்டு உபாலியானார். ராஜகோபால் யாழ்ப்பாணத்து அப்புக்குட்டியானார். பி. எச். அப்துல் ஹமீட் பிராமணத் தமிழில் ஐயர். முஸ்லிம் அல்லாதவர் மரிக்காராகவும் முஸ்லிம் ஒருவர் ஐயராகவும் வந்த இந்தக் குறுக்கு மறுக்குதான் நாடகத்தின் உயிர் என்று சொல்லலாம். 1976இல் அது ‘கோமாளிகள்’ என்று திரைக்கும் வந்தது.

வேடம் ஏன் குரலுக்குள் ஒதுங்கியது? இலங்கையில் தொலைக்காட்சி 1979இல்தான் தொடங்கியது. தேசியத் தொலைக்காட்சியான ரூபவாஹினி வர 1982 ஆனது. 1970 முதல் 1977 வரை இறக்குமதிக் கட்டுப்பாடுகள் இறுகியிருந்ததால் வெளிநாட்டு மின்கிட்டார், ஒலிபெருக்கிப் பெட்டி எல்லாம் எட்டாத பொருள்கள். வானொலிப் பெட்டி மட்டும் கிழக்குக் கரையின் கல்முனைக்கும் மருதமுனைக்கும் பொத்துவிலுக்கும் எட்டியது. குரலால் ஆளை உருவாக்கும் பழக்கமும் முன்பே ஊன்றியிருந்தது: வானொலிக் கலைஞர் சானாவின் ‘லண்டன் கந்தையா’ வானொலியில் பேர் வாங்கியது, கே. எஸ். பாலச்சந்திரன் ‘அண்ணை றைற்’டில் பஸ் கொண்டக்டராகத் தனியே நின்று ஒரு பஸ் நிறைய ஆட்களைக் காட்டினார்.

கிட்டார் வேறு பக்கம் போயிற்று. நித்தி கனகரத்தினம், ஏ. ஈ. மனோகரன் ஆகியோர் பாடிய பொப்பிசைப் பாடல்கள், போர்த்துக்கேயர் காலத்து வழியில் வந்த பைலாத் தாளத்தில் மாமியையும் கள்ளுக்கடையையும் மீன்காரரையும் பகிடி பண்ணின. ஆனால் பாடகர் பாடகராகவே நின்றார், இன்னொருவராக மாறவில்லை. மனோகரன் வில்லன் வேடம் போட்டது தமிழ்நாட்டுத் திரைப்படங்களில். ஆக, மேற்கில் ஒரே மேடையில் கலந்த வேடமும் கிட்டாரும் பகிடியும் இங்கே பிரிந்து கிடந்தன. ஹெவி மெட்டல் வந்தபோதும் அது பெரும்பாலும் கொழும்பின் ஆங்கிலம் பேசும் இளைஞர்களின் இசையாகவே இருந்தது.

அம்பாறைக் கரையோர முஸ்லிம் ஊர்களை இந்த வரலாற்றில் வெறும் நேயர்களாக வைப்பது போதாது. கல்முனைக்குடி கடற்கரைப் பள்ளியில் நாகூர் ஆண்டகை நினைவாக நடக்கும் கொடியேற்றத்தில் றிபாயி தரீக்கா என்னும் சூபி நெறியின் பாவாமார் தாயிரா மேளம் கொட்டி, இரும்பு ஊசியால் உடலைக் குத்திக்காட்டும் றாத்திபு, தாளமும் திகிலும் சேர்ந்த நிகழ்வு. அது பக்தி, கேளிக்கையோடு ஒப்பிடுவது அடாது. ஆயினும் கிஸ்ஸுக்கு முன்பே இந்தக் கரையினர் கொட்டும் திகிலும் ஒன்றாய் இருக்கக் கண்டவர்கள். இன்னொன்று: மரிக்காரின் பேச்சு கொழும்புச் சோனகர் பேச்சை ஒட்டியது. ‘மறுகா’ என்றும் ‘என்னகா’ என்றும் பேசும் கிழக்குக் கரைக்கு அந்த நால்வரில் ஆள் இல்லை. ஒரு சமூகத்தின் பேச்சுக்கு ஒரே சட்டை தைத்தது அந்த நாடகத்தின் குறை.

பிரிந்தவை பிற்காலத்தில் இந்தியாவில் கொஞ்சம் சேர்ந்தன. பெங்களூரின் ஸ்வராத்மா குழுவின் வாசு தீட்சித் இடுப்பில் பொய்க்குதிரை கட்டிக்கொண்டு ரொக் பாடினார். டெல்லியின் பிளட்டிவுட் 2016இல் பிரபலமான பாடல்களைக் கேலிக்காக மெட்டலாக்கித் தொடங்கி, பிறகு சொந்தப் பாடல்களுக்கு மாறியது.

பின்னாளில் கிஸ்ஸில் இருவர் விலகியபோது விண்வெளி மனிதனின் சாயத்தையும் பூனை மனிதனின் சாயத்தையும் புதியவர்கள் பூசிக்கொண்டார்கள்; 2023 டிசம்பர் 2இல் நடந்த கடைசி நிகழ்ச்சிவரை அந்த முகங்கள் தொடர்ந்தன. கொழும்பில் வேடத்தைக் கைமாற்ற முடியவில்லை. அது பேராகவே ஒட்டிக்கொண்டது: மரிக்கார் ராம்தாஸ், உபாலி செல்வசேகரன், அப்புக்குட்டி ராஜகோபால். 2016இல் ராம்தாஸ் மறைந்தபோது அவருக்குப் பின் வேறொரு மரிக்கார் வரவில்லை.