நேர்மையான ஆட்டம்: லண்டன் வரலாறு

நேர்மையான ஆட்டம் என்பது, போட்டியில் இறங்கும் அனைவருக்கும் ஒரே விதி, ஒரே நடுவர், ஒரே தண்டனை என்ற நிலையையும், விதி தடுக்காத இடத்திலும் எதிராளியை ஏய்த்து வெல்லலாகாது என்ற தன்கட்டுப்பாட்டையும் சேர்த்துக் குறிக்கும் கருத்தாகும். பதினெட்டாம் நூற்றாண்டில் லண்டனைச் சுற்றிய கிரிக்கெட் திடல்களில் எழுத்து வடிவம் பெற்ற இக்கருத்து, அடுத்த நூற்றாண்டில் பள்ளிகளின் வழியாக ஒழுக்க நெறியாகவும், அந்நூற்றாண்டின் இறுதியில் கூலி பற்றிய கோரிக்கையாகவும், பின்னர் பாகுபாட்டைத் தடுக்கும் சட்டங்களாகவும் விரிந்தது. திருக்குறளின் பன்னிரண்டாம் அதிகாரமான நடுவு நிலைமை, பகை, நட்பு என்று பாராமல் நடப்பவரின் உள்ளத்தைப் பேசுகிறது. லண்டனில் உருவானதோ ஆடுபவர்கள் தமக்குள் செய்துகொண்ட ஒப்பந்தமாகத் தொடங்கியது. களத்தில் எப்படி ஆடுவது என்ற கேள்விக்கு அங்கே விரைவிலேயே விடை எழுதப்பட்டது. களத்துக்குள் யாரை விடுவது என்ற கேள்வியை, விதிகளை இயற்றியவர்கள் நெடுங்காலம் எழுப்பவே இல்லை. வெளியே நிறுத்தப்பட்டவர்களே அதை எழுப்ப வேண்டியிருந்தது.

எழுத்து விதிகள் பிறந்ததற்குப் பணயமே காரணம். பிரபுக்கள் பெருந்தொகைகளைப் பந்தயம் கட்டி ஆட்டங்களை நடத்தியதால், தோற்றவர் தகராறு செய்யாதிருக்க நிபந்தனைகளை முன்கூட்டியே வரைய வேண்டியிருந்தது. 1727-இல் ரிச்மண்ட் பிரபுவும் ஆலன் பிராட்ரிக்கும் தம் அணிகளுக்கிடையே செய்துகொண்ட ஒப்பந்தம் இவ்வகையில் மிகப் பழையது. ஆட்டத்தைப் பற்றிக் கருத்துச் சொல்லும் ஆட்டக்காரர் வெளியேற்றப்படுவார் என்றும், அவ்வுரிமை அவ்விரு தலைவர்களுக்கு மட்டுமே உண்டு என்றும் அதில் ஒரு நிபந்தனை இருந்தது. 1744-இல் லண்டனில் தொகுக்கப்பட்ட கிரிக்கெட் விதிகள், எது நேர்மையான ஆட்டம், எது அல்ல என்று முடிவு செய்யும் அதிகாரத்தை நடுவரிடம் ஒப்படைத்தன. 1787-இல் தோன்றிய மேரிலபோன் கிரிக்கெட் கழகம் (எம்.சி.சி.) அவ்விதிகளைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டது; லார்ட்ஸ் மைதானத்தில் இருந்தபடி இன்றளவும் உலகக் கிரிக்கெட்டுக்கு விதி எழுதுவது அக்கழகமே. குத்துச்சண்டைக்குக் குயின்ஸ்பெரி விதிகளும் (1867), ஃப்ரீமேசன்ஸ் விடுதியில் 1863-இல் கூடிய கால்பந்துச் சங்கத்தின் விதிகளும் லண்டனிலிருந்தே வெளிவந்தன.

பணயத்தில் பிறந்த விதிகளுக்கு ஒழுக்கத்தின் மதிப்பு சேர்ந்தது பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில்தான். அதற்குப் பெரிதும் காரணமான பள்ளி நாவலை 1857-இல் வெளியிட்ட தாமஸ் ஹியூஸ், லண்டன் உழைப்பாளர் கல்லூரியில் தொழிலாளர்களுக்குக் குத்துச்சண்டையும் கற்பித்தவர். தொழிற்சங்கங்களைப் பற்றி ஆராய 1867-இல் அமைக்கப்பட்ட அரச ஆணையத்தில் ஹியூஸ் இடம்பெற்று, சங்கங்களுக்கு ஆதரவான சிறுபான்மை அறிக்கையில் ஒப்பமிட்டார். சங்கங்களைச் சட்டபூர்வமாக ஏற்ற 1871-ஆம் ஆண்டுச் சட்டத்துக்கு அவ்வறிக்கை வழிவகுத்தது. விளையாட்டு நேர்மையும் வேலை நேர்மையும் ஒன்றே என்று கருதிய ஒருவர் இவ்வளவு முன்பே இருந்தும், ஆட்டச் சங்கங்கள் அவர் வழியில் செல்லவில்லை என்பது வருந்தத்தக்கது.

அவை சென்றது அமெச்சூர் கொள்கையின் வழியில். அமெச்சூர் எனப்பட்டவர் பணம் வாங்காமல் ஆட்டத்துக்காகவே ஆடுபவர். காசுக்கு ஆடுபவருக்கு வெற்றியே பெரிதாகும், நேர்மை இரண்டாவதாகும் என்பது இக்கொள்கையின் வாதம். நடைமுறையில் இது வசதி உள்ளவரை உயர்த்திப் பிழைப்புக்கு ஆடுபவரைத் தாழ்த்தும் சுவராக நின்றது. 1806 முதல் கனவான்களும் தொழில்முறை ஆட்டக்காரர்களும் எதிரெதிர் அணிகளாக மோதினர். ஒரே அணியில் ஆடிய இடங்களிலும் இரு சாராருக்கும் உடைமாற்றும் அறைகள் வேறு, திடலுக்குள் இறங்கும் வாயில்கள் வேறு. ஸ்கோர் அட்டையில் கனவானின் முதலெழுத்துகள் பெயருக்கு முன்னும் தொழில்முறையாளரின் முதலெழுத்துகள் பெயருக்குப் பின்னும் அச்சிடப்பட்டன. 1950-இல் தொழில்முறையாளரான ஃபிரெட் டிட்மஸின் முதலெழுத்துகள் தவறுதலாகப் பெயருக்கு முன் அச்சாகிவிட்டதால், அப்பிழையைத் திருத்தி லார்ட்ஸில் ஒலிபெருக்கி அறிவிப்பே செய்யப்பட்டது. 1952-இல் லென் ஹட்டன் இங்கிலாந்து அணியின் தலைவராகும் வரை இருபதாம் நூற்றாண்டில் அப்பதவி தொழில்முறையாளர் எவருக்கும் முறையாகத் தரப்படவில்லை. 1962-ஆம் ஆண்டுப் பருவத்தோடுதான் இப்பிரிவினை ஒழிந்தது.

படகுப் போட்டியில் இச்சுவர் இன்னும் வெளிப்படையாக இருந்தது. லண்டனுக்கு மேற்கே தேம்ஸ் ஆற்றில் நடக்கும் ஹென்லி போட்டியின் 1879-ஆம் ஆண்டு விதி, உடலுழைப்பால் கூலி பெறுபவர் எவரும் அமெச்சூர் ஆகமாட்டார் என்றது. அவர் துடுப்புக்காகக் காசு வாங்கினாரா என்பது பொருட்டாகவே கொள்ளப்படவில்லை. அமெரிக்கரான ஜாக் கெல்லி 1920-இல் அங்கே அனுமதிக்கப்படாததற்கு, அவர் சார்ந்த வெஸ்பர் சங்கத்தின் மீதிருந்த பழைய தடையோடு, அவர் செங்கல் அடுக்கும் வேலை செய்தவர் என்பதும் காரணமாயிற்று. அதே ஆண்டு அவர் ஒலிம்பிக்கில் தங்கம் வென்றார். காவலர்கள் அடங்கிய ஆஸ்திரேலிய அணி 1936-இல் தடுக்கப்பட்டதால் கண்டனம் எழுந்து, மறு ஆண்டு அவ்விதி நீக்கப்பட்டது.

பெண்களுக்கும் வெள்ளையரல்லாதவருக்கும் வாயில் இன்னும் தாமதமாகத் திறந்தது. கால்பந்துச் சங்கம் 1921 டிசம்பரில் தன் உறுப்புக் கழகங்களின் மைதானங்களைப் பெண்களுக்கு மூடி, ஏறத்தாழ ஐம்பது ஆண்டுகள் அப்படியே வைத்திருந்தது. வெள்ளையரல்லாத குத்துச்சண்டை வீரர் பிரிட்டிஷ் பட்டத்துக்கு மோத 1948 வரை இடமில்லை. கேப்டவுனில் பிறந்து, நிறவெறிச் சட்டங்களால் தாய்நாட்டு அணியில் இடம் மறுக்கப்பட்ட பாசில் டி ஒலிவேரா 1968 ஆகஸ்டில் லண்டன் ஓவல் மைதானத்தில் இங்கிலாந்துக்காக 158 ரன் எடுத்தார்; சில நாட்களில், தென்னாப்பிரிக்கா செல்லும் அணியிலிருந்து அவர் விடுபட்டார். வேறொருவர் காயத்தால் விலகியபின் அவர் சேர்க்கப்பட்டதும் தென்னாப்பிரிக்கப் பிரதமர் ஃபோர்ஸ்டர் அவ்வணியை ஏற்க மறுத்தார், பயணம் கைவிடப்பட்டது. அரசியலை விளையாட்டில் கலக்கலாகாது என்று நேர்மையின் பெயரால் சொல்லப்பட்டு வந்த வாதம், அநீதிக்குத் துணைபோவதற்கும் பயன்படும் என்பதை இந்நிகழ்ச்சி அம்பலமாக்கியது.

வேலைத்தலத்தில் இக்கருத்தை நாடாளுமன்றம் வரை கொண்டுசென்றவர்கள் கிழக்கு லண்டனின் துறைமுகத் தொழிலாளர்கள். காலையில் வாயிலில் கூடி நின்று, மேற்பார்வையாளர் கைகாட்டினால் மட்டும் சில மணி நேர வேலை பெற்ற இவர்கள், 1889 ஆகஸ்டில் பென் டில்லெட், டாம் மான், ஜான் பர்ன்ஸ் முதலியோர் தலைமையில் வேலைநிறுத்தத்தில் இறங்கி, மணிக்கு 6 பென்ஸ் கூலியைச் செப்டம்பரில் வென்றனர். துறைமுகப் பகுதியான பாப்லரின் உறுப்பினர் சிட்னி பக்ஸ்டன் கொண்டுவந்த முன்மொழிவை ஒட்டி, 1891 பிப்ரவரியில் நாடாளுமன்ற மக்களவை நியாயக் கூலித் தீர்மானத்தை ஏற்றது. அரசு ஒப்பந்தத்தைப் பெறுபவர் அத்தொழிலில் வழக்கமாக உள்ள கூலியைக் கொடுக்க வேண்டும், கூலியைக் குறைத்து ஒப்பந்தப் போட்டியில் வெல்லக் கூடாது என்பது அதன் சாரம். போட்டி இருக்கலாம், ஆனால் அது தொழிலாளியின் வயிற்றின் மேல் நடக்கலாகாது என்ற இந்த வரம்பே, கருத்தின் வரலாற்றில் மிகப் பெரிய அடி எனலாம். சர்வதேசத் தொழிலாளர் அமைப்பின் 1949-ஆம் ஆண்டு 94-ஆம் உடன்படிக்கை இதே வழியில் அமைந்தது. ஆயினும் பிரிட்டனே 1983-இல் தன் தீர்மானத்தைக் கைவிட்டது.

வேலையின் தரத்தை வகைப்படுத்துவதிலேயே அநீதி ஒளிந்திருக்கலாம் என்பதைக் காட்டியவர்கள் டேகன்ஹம் ஃபோர்டு ஆலையின் தையல் பெண்கள். கார் இருக்கை உறைகளைத் தைத்த அவர்களின் வேலை திறன் தேவைப்படாததாக வகைப்படுத்தப்பட்டு, அதே தரத்து ஆண்களின் கூலியில் 85 சதவீதமே தரப்பட்டது. அவர்களின் 1968-ஆம் ஆண்டு வேலைநிறுத்தம் 1970-ஆம் ஆண்டுச் சம ஊதியச் சட்டத்துக்கு வழி திறந்தது. ஆயினும் அவர்கள் திறனாளர் தரத்தைப் பெற்றது 1984-இல், மீண்டும் ஒருமுறை வேலையை நிறுத்திய பிறகே. 1976-இல் வடமேற்கு லண்டனின் கிரன்விக் புகைப்படக் கூடத்தில், கிழக்காப்பிரிக்காவிலிருந்து குடியேறிய இந்திய வம்சாவளிப் பெண்கள், ஜெயாபென் தேசாய் தலைமையில் தொழிற்சங்க உரிமைக்காக வெளியேறினர். அவர்களை மீண்டும் வேலைக்கு எடுக்குமாறு ஸ்கார்மன் விசாரணை பரிந்துரைத்ததை நிர்வாகம் ஏற்கவில்லை. 1978-இல் போராட்டம் தோல்வியில் முடிந்தது. பாகுபாட்டைத் தடுக்க 1965-இல் தொடங்கி 1976-இல் வலுப்பெற்ற இன உறவுச் சட்டங்களும் பிறவும் 2010-ஆம் ஆண்டுச் சமத்துவச் சட்டத்தில் ஒன்றிணைக்கப்பட்டன.

அண்மைக் காலத்தில் விவாதம் மீண்டும் லார்ட்ஸுக்கே திரும்பியது. பந்து வீசப்படுமுன் கோட்டை விட்டு நகரும் மறுமுனை மட்டையாளரைப் பந்துவீச்சாளர் ரன் அவுட் செய்வது, 1947-இல் அவ்வாறு செய்த வினூ மன்கட்டின் பெயரால் நெடுங்காலம் இழிவாகவே பேசப்பட்டது. சென்னையைச் சேர்ந்த ரவிச்சந்திரன் அஸ்வின் 2019 மார்ச்சில் ஜெய்ப்பூரில் ஜாஸ் பட்லரை இவ்வாறு வெளியேற்றியபோது, எம்.சி.சி. முதலில் அதை விதிக்கு உட்பட்டது என்றது. மறுநாளே ஆட்டத்தின் உணர்வுக்கு ஏற்றதல்ல என்றது. விதியை மீறி முன்னேறியவர் மட்டையாளராக இருக்க, பழி பந்துவீச்சாளர் மேல் விழுந்தது நேர்மைக்கே முரணானது. 2022 அக்டோபரில் அக்கழகம் இந்த விதியை ‘நேர்மையற்ற ஆட்டம்’ என்ற பகுதியிலிருந்து எடுத்து ‘ரன் அவுட்’ பகுதிக்கு மாற்றியது. அதற்குச் சில நாட்கள் முன்னர்தான் தீப்தி சர்மா லார்ட்ஸிலேயே சார்லி டீனை அப்படி வெளியேற்றி ஆட்டத்தை முடித்திருந்தார்.

2023 ஜூன் 27 அன்று, சிண்டி பட்ஸ் தலைமையிலான சுதந்திர ஆணையம், இங்கிலாந்துக் கிரிக்கெட்டில் இன, பால், வர்க்கப் பாகுபாடு பரவியிருப்பதாக அறிக்கை வெளியிட்டது. கருத்தளித்தவர்களில் இந்திய வம்சாவளியினரில் 82 சதவீதத்தினரும், பாகிஸ்தான், வங்கதேச வம்சாவளியினரில் 87 சதவீதத்தினரும் பாகுபாட்டை அனுபவித்ததாகக் கூறியிருந்தனர். இங்கிலாந்துப் பெண்கள் அணி அதுவரை லார்ட்ஸில் ஒரு டெஸ்ட் கூட ஆடியதில்லை என்பதையும் அறிக்கை சுட்டியது. இங்கிலாந்துக் கிரிக்கெட் வாரியம் மன்னிப்புக் கேட்டது. ஐந்து நாட்களுக்குப் பின், ஜூலை 2 அன்று, கோட்டை விட்டு வெளியே வந்த ஜானி பேர்ஸ்டோவை ஆஸ்திரேலிய விக்கெட் காப்பாளர் அலெக்ஸ் கேரி விதிப்படி வெளியேற்றியபோது, லார்ட்ஸின் நீண்ட அறையில் எம்.சி.சி. உறுப்பினர் சிலர் ஆட்டத்தின் உணர்வு போயிற்று என்று கொதித்து ஆஸ்திரேலிய வீரர்களைத் தூற்றினர். கழகம் மூவரை இடைநீக்கம் செய்து மன்னிப்புக் கோரியது. அரசின் தலைவர்கள் வரை வாய்திறந்த அந்த ஒரு விக்கெட் பல வாரங்கள் பேசப்பட்டது; அதே வாரத்தில் வெளியான அறிக்கை 44 பரிந்துரைகளைக் கொண்டிருந்தது.