வெலிங்டனின் தீபகற்பப் போர்க் கடிதங்கள்

நெப்போலியன் படைகளுக்கு எதிராக ஸ்பெயினிலும் போர்ச்சுக்கலிலும் நடந்த தீபகற்பப் போரின்போது (1808–1814) பிரித்தானியத் தளபதி ஆர்தர் வெல்லெஸ்லி லண்டன் அமைச்சர்களுக்கு எழுதிய கடிதங்களும் அறிக்கைகளும். ஸ்ரீரங்கப்பட்டண முற்றுகையிலும் (1799) அசாயே போரிலும் (1803) பெயர் பெற்ற இவர், 1809-இல் வெலிங்டன் பிரபு ஆனார். போர்த்துறையை அடுத்தடுத்து வகித்த காசில்ரே, லிவர்பூல், பாதர்ஸ்ட் ஆகியோருக்கு இவர் எழுதியவை முதன்மையானவை.

லிஸ்பனுக்கும் இங்கிலாந்தின் ஃபால்மவுத் துறைமுகத்துக்கும் இடையே ஓடிய அஞ்சல் கப்பல்களில் கடிதங்கள் சென்றன. காற்று சாதகமாக இருந்தாலும் ஒரு வாரம் பிடிக்கும். பதில் வந்து சேர்வதற்குள் களநிலவரம் மாறிவிடும். அதனால் அமைச்சர்கள் எல்லைகளை மட்டும் வகுத்துவிட்டு, அன்றாட முடிவுகளைத் தளபதியிடமே விட்டனர். இதற்கு வழிவகுத்தது 1809 மார்ச் 7 அன்று காசில்ரேயிடம் அவர் அளித்த குறிப்பு. ஸ்பெயின் கைவிட்டுப் போனாலும், சீரமைத்த போர்ச்சுக்கீசியப் படையோடு 20,000 பிரித்தானியர் இருந்தால் போர்ச்சுக்கலைக் காக்கலாம் என்றார். மறு ஆண்டே லிஸ்பனைக் காத்த டோரஸ் வெட்ராஸ் அரண்களைத் தாண்ட முடியாமல் பிரெஞ்சுத் தளபதி மசேனாவின் படை நின்றபோது அந்தக் கணிப்பு மெய்யாயிற்று.

கடிதங்களில் ஓயாமல் வரும் முறையீடு காசுத் தட்டுப்பாடு. படைவீரர்களின் சம்பளம் மாதக்கணக்கில் பாக்கி நின்றது. மற்றொன்று பத்திரிகைகள் பற்றியது. படையின் இருப்பிடம், எண்ணிக்கை, நோக்கம் எல்லாவற்றையும் லண்டன் நாளிதழ்கள் அச்சிடுவதாக 1809 நவம்பரில் லிவர்பூலிடம் குறைபட்டுக்கொண்டார்.

அரசிதழில் வெளியிடுவதற்கான அறிக்கை ஒன்று, அமைச்சரின் கண்ணுக்கு மட்டுமான கடிதம் ஒன்று என இரண்டு தடங்களில் எழுதுவது அவர் வழக்கம். இதை, பிரெஞ்சுக்காரர் வசமிருந்த ஸ்பெயினின் பதஹோஸ் கோட்டை நகர் வீழ்ந்த மறுநாளான 1812 ஏப்ரல் 7 துல்லியமாகக் காட்டுகிறது. அன்று எழுதிய அறிக்கை வெற்றியை முறைப்படி விவரிக்கிறது. அதே நாளில் லிவர்பூலுக்கு எழுதிய தனிக்கடிதத்திலோ, தம் வீரர்களை இனியொருமுறை இப்படிப்பட்ட சோதனைக்கு அனுப்பும் கருவியாகத் தாம் இருக்கக்கூடாது என்கிறார். முற்றுகையில் மடிந்தோரும் காயமுற்றோருமாக ஏறத்தாழ 5,000 பேர். மதிலுக்கு அடியில் சுரங்கம் தோண்டப் பயிற்சி பெற்றவர்கள் இல்லாததே இவ்வளவு உயிரிழப்புக்குக் காரணம் என்றும் சொல்கிறார். அத்தகைய பிரிவை அவர் முன்பே கேட்டிருந்தார். அது அம்மாதமே அமைக்கப்பட்டது. இவருடைய கடிதங்களிலேயே மிக உயர்ந்தது இந்தத் தனிக்கடிதம்தான்.

விட்டோரியா வெற்றிக்குப் பின் 1813 ஜூலை 2 அன்று பாதர்ஸ்டுக்கு எழுதியது நேர்மாறானது. தோற்றோடிய, நெப்போலியன் ஸ்பெயினுக்கு அரசராக்கிய தம் அண்ணன் ஜோசப்பின் வண்டிகளைக் கொள்ளையடித்த தம் வீரர்களை மண்ணின் கசடு என்று அதில் ஏசுகிறார். சம்பள பாக்கியை அவரே பலமுறை எழுதியிருக்க, இந்தச் சொல் அவர்களுக்கு இழைத்த அநீதி என்றே சொல்ல வேண்டும்.

இக்கடிதங்களை 1834 முதல் வெலிங்டனின் தனிச்செயலாளர் ஜான் குர்வுட் பதிப்பித்த தொகுதிகளில் உயிரோடிருந்த பலரின் பெயர்கள் கோடிட்டு மறைக்கப்பட்டன. பின்னர் இரண்டாம் வெலிங்டன் கோமகன் துணைத்தொகுதிகளை வெளியிட்டார். ராஸ்பெர்ரி ஜாம் ஜாடிக்குக் கணக்குக் கேட்ட அரசைக் கேலி செய்வதாக 1812-ஆம் ஆண்டின் பெயரில் உலவும் கடிதம் போலியானது. மூலத்தாள்கள் 1983 முதல் சவுத்தாம்டன் பல்கலைக்கழகத்தில் உள்ளன.