சலீம் மறுத்த பெனால்டி: 1936 கிளாஸ்கோ ஆட்டங்கள் குறித்து ஒரு மறுவாசிப்பு

போரியா மஜும்தாரும் கௌஷிக் பந்த்யோபாத்யாயும் சேர்ந்து எழுதிய இந்தியக் கால்பந்து வரலாறு 2006இல் வெளிவந்தது. கல்கத்தா ஆட்டக்காரர் முகமது சலீமின் பெயர் அந்நகருக்கு வெளியே பரவியதில் அவர்களுக்குப் பெரும்பங்கு உண்டு. ஐரோப்பியக் கிளப் ஒன்றுக்கு ஆடிய முதல் இந்தியர் சலீம். வெள்ளையர் மண்ணில் வெறுங்காலோடு இறங்கியது ஆட்சியாளருக்குக் காட்டிய பதில். ஆகவே நாட்டுணர்வு வரலாற்றில் அவருக்கு இடமுண்டு. அவர்களுடைய வாசிப்பின் சாரத்தை நான் இப்படித்தான் புரிந்துகொள்கிறேன். தமிழில் சலீமைப் பற்றி வருகிற பத்திகளும் பெரும்பாலும் இதையே திருப்பிச் சொல்கின்றன. எனக்கு இதில் சில இடங்களில் உடன்பாடில்லை.

1936இல் சலீம் செல்டிக் கிளப்புக்கு ஆடிய கிளாஸ்கோ சம்பவங்களுக்கு இரண்டு அடுக்குச் சான்றுகள் இருக்கின்றன. ஒன்று அன்றைய செய்தித்தாள். மற்றது சலீமின் மகன் பிற்காலத்தில் சொன்ன குடும்ப நினைவு. செல்டிக் மேலாளர் வில்லி மேலியிடம் உறவினர் ஹாஷிம் பேசி வாய்ப்புக் கேட்டது, வெறுங்கால் என்றதும் மேலி வியந்தது, வசூலில் தன் பங்கை அநாதைக் குழந்தைகளுக்குக் கொடுத்தது எல்லாம் இரண்டாம் அடுக்கைச் சேர்ந்தவை. மஜும்தார் இரண்டையும் ஒரே சரடில் கோத்துவிடுகிறார். பிரித்து வைத்தால் வேறு உருவம் தெரிகிறது.

1936 ஆகஸ்ட் 29 தேதியிட்ட ஸ்காட்டிஷ் டெய்லி எக்ஸ்பிரஸ் செய்தியை எடுத்துக்கொள்வோம். அன்று சனிக்கிழமை. 'நேற்றிரவு' என்று செய்தி சொல்வதால் ஆட்டம் 28, வெள்ளி. செல்டிக் ஏழு கோல் போட்ட அந்த ஆட்டத்தில் எதிரணி கால்ஸ்டன். ஏழில் மூன்று சலீம் தொடங்கிவைத்த நகர்வுகளில் வந்தவை. பந்தைப் பெருவிரலில் நிறுத்திச் சுண்டுவிரல் வரை உருட்டிவிடும் வித்தையைச் செய்தியாளர் ரசித்து எழுதியிருக்கிறார். அதற்குப் பிறகு, எல்லோரும் தாண்டிப் போய்விடுகிற ஒரு சிறு தகவல் வருகிறது. பெனால்டி அடிக்கச் சொன்னார்கள், சலீம் கூச்சப்பட்டு மறுத்துவிட்டார். அவருக்கு ஆங்கிலம் வராது, ஹாஷிம்தான் மொழிபெயர்க்கிறார்.

அவர் ஆடிய மற்றோர் ஆட்டம் ஹாமில்டன் அகாடமிக்கல் அணிக்கு எதிரானது. செல்டிக் 5-1 என வென்றது. சலீம் பெனால்டியில் கோல் அடித்தார். வழக்கமான கதையில் ஹாமில்டன் ஆட்டம் முதலில் வருகிறது, கால்ஸ்டன் ஆட்டம் பின்னால் வருகிறது. முதல் ஆட்டத்திலேயே பெனால்டியைக் கோலாக்கியவர் அடுத்த ஆட்டத்தில் கூசி ஒதுங்குவாரா? மறுத்தது முன்னும் அடித்தது பின்னும் என்று வைத்தால் முடிச்சு தானாக அவிழ்கிறது. செய்தியின் தொனியும் முதன்முறை பார்த்தவனின் தொனிதான். ஆகவே கால்ஸ்டனை முதலில் வைக்கிறேன். இது தீர்ந்த முடிவு அல்ல. ஹாமில்டன் ஆட்டத்தின் நாள் உறுதிப்படும் வரை இது ஓர் ஊகமே.

வரிசை மாறினால் என்ன என்று கேட்கலாம். ஆளே மாறிவிடுகிறார். மஜும்தாரின் சலீம் வந்த நாளிலேயே ஏகாதிபத்தியத்துக்குச் சவால் விடுகிறவர். நான் பார்க்கிற சலீம், மொழி புரியாத மைதானத்தில், ஒரு பெனால்டிக்கே தயங்கி நிற்கிற முப்பது வயது கடந்த மனிதர். கிளாஸ்கோவில் அவர் பேசியதாக நமக்குக் கிடைக்கும் சொற்கள் எல்லாமே ஹாஷிமின் வாய்வழி வந்தவை. நாட்டுணர்வு இருந்திருக்கலாம். ஆனால் அதை அவர் சொல்லி நாம் கேட்கவில்லை.

அடுத்தது செய்தியின் தலைப்பு. அந்தச் செய்தித்தாள் அவரை 'இந்திய ஜக்ளர்' என்றது, 'புதுப் பாணி' என்றும் சேர்த்துக்கொண்டது. இதைப் பாராட்டுப் பத்திரமாகவே எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள். தமிழ் வாசகருக்கு இங்கே ஒரு பழைய உறவு இருக்கிறது. 1810களில் லண்டன் மேடைகளில் பித்தளைப் பந்துகளைச் சுழற்றியும் வாளை விழுங்கியும் பேர் வாங்கிய இந்தியர் ஒருவரை ஆங்கிலேயர் 'ராமோ சாமி' என்று அழைத்தார்கள். ராமசாமி என்ற பெயரின் திரிபுதான் அது. கட்டுரையாளர் வில்லியம் ஹாஸ்லிட் 'இந்திய ஜக்ளர்கள்' என்று ஒரு கட்டுரையே எழுதினார். அதில் வரும் வித்தைக்காரர் ராமசாமியே என்பது பொதுவான கருத்து. 1850இல் அவர் லண்டனிலேயே மறைந்தார். நூறாண்டுக்கும் மேலாக ஆங்கிலப் பத்திரிகை மொழியில் 'இந்திய ஜக்ளர்' என்பது தயாராக வைத்திருந்த ஒரு பெட்டி. கால்பந்து ஆட வந்தவரையும் தூக்கி அதற்குள் போட்டார்கள். 'புதுப் பாணி' என்ற ஒட்டுச்சொல்லே பழைய பாணி ஒன்று வாசகர் மனத்தில் இருந்ததைக் காட்டிக்கொடுக்கிறது. தலைப்பிட்டவர் ஹாஸ்லிட்டைப் படித்திருக்க வேண்டும் என்று நான் வாதிடவில்லை. படிக்காமலேயே கைக்கு வரும் அளவுக்கு அந்தத் தொடர் தேய்ந்து போயிருந்தது என்கிறேன்.

வெறுங்காலுக்கு வருவோம். பலமுறை அச்சான புகைப்படம் ஒன்று உண்டு. செல்டிக் பயிற்றாளர் ஜிம்மி மெக்மெனமி, தாமே பெரிய ஆட்டக்காரராக இருந்தவர், சலீமின் பாதங்களில் துணிக்கட்டுப் போடுகிறார். படத்தை நிதானமாகப் பார்த்தால் 'வெறுங்கால்' என்ற சொல்லே சற்று ஆட்டம் காண்கிறது. அது கட்டுப் போட்ட கால். கல்கத்தாவிலும் நிலைமை அவ்வளவு எளிமையானதல்ல. 1934 முதல் 1938 வரை தொடர்ந்து ஐந்து முறை கல்கத்தா லீக்கை வென்ற முகமதன் ஸ்போர்ட்டிங், ஈரத்தரையில் பூட்ஸ் போட்டு ஆடப் பழகியதை அதன் வெற்றிக்கு ஒரு காரணமாகச் சொல்வார்கள். சலீம் அந்த அணியின் ரைட் அவுட். அவரைச் சுற்றி இருந்தவர்களுக்குப் பூட்ஸ் தரையைப் பார்த்து எடுக்கிற முடிவு. 1911இல் வெறுங்காலோடு ஐ.எஃப்.ஏ. ஷீல்டு வென்ற மோகன் பகானுக்குப் பொருந்துகிற நாட்டுணர்வு விளக்கத்தை 1936க்கு அப்படியே மாட்டிவிட முடியாது.

அடுத்தது பணம். சலீமைத் தங்கவைக்க செல்டிக் ஒரு நன்கொடை ஆட்டம் நடத்த முன்வந்தது, வசூலில் 5 சதவீதம் அவருக்கு, அது 1,800 பவுன் வந்தது, அவர் அப்படியே அநாதைக் குழந்தைகளுக்குக் கொடுத்துவிட்டார் என்பது குடும்ப நினைவு. பென்சிலை எடுத்துக் கணக்குப் போட்டால் போதும். 5 சதவீதம் 1,800 என்றால் மொத்த வசூல் 36,000 பவுன். அன்றைய பொது நுழைவுக் கட்டணம் ஒரு ஷில்லிங் அளவில். பவுனுக்கு 20 ஷில்லிங். ஆக 7,20,000 பேர் வந்திருக்க வேண்டும்! அடுத்த ஆண்டு ஏப்ரலில் ஹாம்ப்டன் மைதானத்தில் ஸ்காட்லாந்து - இங்கிலாந்து ஆட்டத்துக்கு வந்த வரலாறு காணாத கூட்டமே ஒன்றரை லட்சத்தைத் தொடவில்லை. விலை கூடிய இருக்கைகளைச் சேர்த்தாலும் கணக்கு உதைக்கிறது.

இதைப் பொய் என்று தள்ள எனக்கு மனமில்லை. பொறியாளர் பென்னிகுவிக் சொத்தை விற்று முல்லைப் பெரியாறு அணை கட்டினார் என்று கேட்டு வளர்ந்த கம்பம் பள்ளத்தாக்கில் இருந்து எழுதுகிறேன். ஆவணம் எங்கே என்று ஆய்வாளர்கள் கேட்கிறார்கள். லோயர் கேம்பில் உள்ள அவர் மணிமண்டபத்துக்குப் பொங்கலன்று வருகிறவர்கள் கேட்பதில்லை. நன்றி தனக்கென்று ஒரு தொகையைத் தேடிக்கொள்ளும். ஆனால் அந்தத் தொகை பெரும்பாலும் ஏதோ ஒரு நிஜ எண்ணில் இருந்துதான் கிளம்பியிருக்கும். எனக்கு இரண்டு வழிகள் தெரிகின்றன. 1,800 பவுன் என்பது மொத்த வசூலாக இருக்கலாம்: 36,000 பேர், தலைக்கு ஒரு ஷில்லிங், சரியாக 1,800. அப்படியானால் சலீமின் பங்கு 90 பவுன். அல்லது பவுன் என்பது ரூபாயின் மயக்கம். 1927 முதல் ரூபாய்க்கு ஒன்றரை ஷில்லிங். 1,800 ரூபாய் 135 பவுன். அது 5 சதவீதமானால் வசூல் 2,700 பவுன், கூட்டம் 54,000. இதுவும் கிளாஸ்கோவில் நடக்கக்கூடியதே. கல்கத்தா வீட்டில் பல ஆண்டு சொல்லப்பட்ட கதையில் தொகை ரூபாயில்தான் நிலைத்திருக்கும் என்பதால் என் சாய்வு இரண்டாவதன் பக்கம். இரண்டு கணக்கும் அந்த ஆட்டம் நடந்தது என்பதற்குச் சான்றாகாது என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

'முதல்' என்ற பட்டத்தை நான் பறிக்கவில்லை, ஆனால் எதில் முதல் என்று கேட்க வேண்டும். இரண்டு ஆட்டங்களும் அலையன்ஸ் லீக்கில் ஆடப்பட்டவை, அதாவது செல்டிக்கின் ரிசர்வ் அணிக்கானவை. முதல் அணியில் அன்று ரைட் அவுட் ஜிம்மி டிலேனி, ஸ்காட்லாந்துக்கு ஆடியவர். பின்னாளில் மான்செஸ்டர் யுனைடெட்டுடன் 1948 எஃப்.ஏ. கோப்பையை வென்றவர். நடுவில் ஜிம்மி மெக்ரோரி, முந்தைய லீக் பருவத்தில் மட்டும் 50 கோல். ஊர் ஏக்கத்தால் சலீம் திரும்பினார் என்பதை நம்புகிறேன், ஆனால் தங்கியிருந்தாலும் டிலேனியைத் தாண்டுவது எளிதாக இருந்திருக்காது. பெனால்டிக்குக் கூசிய சலீம் அதை உணரவே இல்லை என்று சொல்ல முடியாது. இங்கே சான்று மெலிது. இருந்தும் மஜும்தாரின் கதையில் டிலேனிக்கு உரிய இடம் கிடைக்காததை ஒரு குறையாகவே கருதுகிறேன்.

சலீமில் தொடங்கி பாய்ச்சுங் பூட்டியா வழியாகச் சுனில் சேத்ரி வரை ஒரு கோடு இழுப்பதும் வழக்கமாகிவிட்டது. பூட்டியா இங்கிலாந்தின் பரி கிளப்பில் சேர்ந்தது 1999இல். நடுவே 63 ஆண்டுகள். அவர் ஆடிய 37 லீக் ஆட்டங்களும் அடித்த 3 கோல்களும் ஒப்பந்தம், பணி அனுமதி, சம்பளம் என்ற வேறோர் உலகத்தைச் சேர்ந்தவை. சேத்ரியின் 2010 கான்சாஸ் சிட்டி, 2012 ஸ்போர்ட்டிங் லிஸ்பன் பி அணி நாட்களும் அப்படியே. சலீமுக்கு நெருக்கமானவர்கள் வேறு பக்கத்தில் இருக்கிறார்கள்: 1948 லண்டன் ஒலிம்பிக்கில் பிரான்சுக்கு எதிராகப் பெரும்பாலும் பூட்ஸ் இல்லாமல் ஆடியவர்கள், அதில் இந்தியாவின் ஒரே கோலை அடித்த சாரங்கபாணி ராமன். அன்று இந்தியா இரண்டு பெனால்டிகளைத் தவறவிட்டு 2-1 எனத் தோற்றது.

சலீம் 1980இல் கல்கத்தாவில் காலமானார். நோயுற்றிருந்தபோது மகன் செல்டிக்குக் கடிதம் எழுத, கிளப் 100 பவுனுக்கு வங்கி வரைவோலை அனுப்பியது என்றும், அதை மாற்றாமல் வீட்டில் வைத்துக்கொண்டார்கள் என்றும் சொல்கிறார்கள். கடைசியாக, என் ஊகத்தைப் பற்றி ஒரு வார்த்தை: ஹாமில்டன் ஆட்டம் ஆகஸ்ட் 28க்கு முந்தியது என்று ஏதாவது ஒரு கிளாஸ்கோ நாளிதழ் காட்டினால், மேலே நான் வைத்த வரிசை கவிழ்ந்துவிடும். கூச்சத்துக்கு வேறு விளக்கம் தேட வேண்டியிருக்கும்.