புல்வெளியில் ஒரு குடும்பம்: சொன்னவையும் சொல்லாதவையும்

புதிய நிலம் தேடிச் சென்றோரின் கதைகள் எந்த நாட்டுச் சிறுவரையும் கவர்வன. ஆனால், தமது சொந்தக் குடும்பத்தின் வரலாற்றையே சாகசக் கதையாக்கி நிலைபெற்ற எழுத்தாளர் ஒரு சிலரே. அவர்களுள் முன்வரிசையில் வைத்து எண்ணத்தக்கவர் அமெரிக்க எழுத்தாளர் லோரா இங்கல்ஸ் வைல்டர்.

1867ஆம் ஆண்டு விஸ்கொன்சின் மாநிலத்துக் காட்டோரக் குடிசை ஒன்றிலே பிறந்தவர் லோரா. தந்தை சார்ள்ஸ் ஓரிடத்தில் நிலைத்திருக்க மனமில்லாதவர். குடும்பத்தை மாட்டுவண்டியல்ல, குதிரை பூட்டிய கூண்டு வண்டியில் ஏற்றிக்கொண்டு கன்சஸ், மின்னசோட்டா, அயோவா, டக்கோட்டா என அலைந்தார். லோராவின் முதல் நூலான 'பெருங்காட்டில் ஒரு சிறு வீடு' 1932இல் வெளிவந்தபோது அவருக்கு வயது 65. பொருளாதார வீழ்ச்சியில் சேமிப்பை இழந்திருந்த முதுமைக் காலம் அது. அவரது மகள் றோஸும் எழுத்தாளரே; கையெழுத்துப் பிரதிகளைச் செப்பனிட்டதில் அவருக்குப் பெரும் பங்குண்டு. 1943ஆம் ஆண்டளவில் இவ்வரிசையில் எட்டு நூல்கள் வெளியாகிவிட்டன.

இவற்றுள் என்னை மிகவும் ஈர்த்தது 1940இல் வெளியான 'நீண்ட குளிர்காலம்'. 1880 ஒக்டோபரில் தொடங்கிய பனிப்புயல்கள் டக்கோட்டாவின் டி ஸ்மெற் என்ற சிற்றூரைப் பல மாதங்கள் முடக்கின. புகையிரதம் வரவில்லை. நிலக்கரி தீர்ந்தது, உலர்ந்த புல்லைக் கயிறுபோல் முறுக்கி எரித்தார்கள். மா தீர்ந்தது, கோப்பிக்கொட்டை அரைக்கும் கைப்பொறியிலே கோதுமையை அரைத்து ரொட்டி சுட்டார்கள். பசியை இவ்வளவு அமைதியாகச் சொன்ன சிறுவர் நூல்கள் மிகக் குறைவு.

ஆயினும், குடும்ப வரலாறு என்பது சொன்னவற்றால் மாத்திரம் ஆனதன்று. 1875இல் பிறந்து ஒன்பது மாதங்களில் இறந்துபோன தம்பி பிரெடியைப் பற்றி இந்த வரிசையில் ஒரு வார்த்தையும் இல்லை. வெட்டுக்கிளிகள் பயிரை அழித்தபின், அயோவாவில் விடுதியொன்றிலே குடும்பம் பாடுபட்ட காலமும் இல்லை. சிறுவர்க்கு இத்துயரம் வேண்டாம் என விட்டிருக்கலாம். பெரியோருக்கென அவர் முன்னரே எழுதிய தன்வரலாறு 2014ஆம் ஆண்டிலேதான் குறிப்புரைகளோடு அச்சேறியது. மறைந்திருந்த பல செய்திகள் அதிலே வாசகருக்குக் கிடைத்தன.

இதனினும் பாரதூரமான மௌனம் ஒன்று 1935இல் வெளியான 'புல்வெளியில் ஒரு சிறு வீடு' என்ற நூலில் உண்டு. 1869இல் சார்ள்ஸ் கன்சஸில் வீடு கட்டிய மண் அரசாங்கத்தின் வெற்று நிலமன்று, ஒசேஜ் மக்களுக்குரியது. உரிமையின்றி நுழைந்த பலருள் இக்குடும்பமும் ஒன்று. இத்தகைய குடியேறிகளின் நெருக்குதலுக்கு மத்தியில் 1870இல் ஒசேஜ் மக்கள் எஞ்சிய நிலத்தையும் விற்று வெளியேற இணங்க நேர்ந்தது. நூலிலோ, படையினர் வெளியேற்றுவர் என அஞ்சி வெள்ளைக் குடும்பமே வருத்தத்தோடு புறப்படுகிறது. உண்மையில், விஸ்கொன்சின் காணியை வாங்கியவர் பணத்தைச் செலுத்த இயலாததாலேயே அவர்கள் அங்கு திரும்பினர்.

அந்த மண்ணை மக்கள் எவருமில்லாத இடம் என்றும், செவ்விந்தியர் மட்டுமே வாழ்ந்த இடம் என்றும் நூல் வர்ணித்திருந்தது. அப்படியானால் அவர்கள் மக்கள் அல்லரா? 1952இல் வாசகர் ஒருவர் பதிப்பகத்துக்கு முறையிட்டார். லோரா தவற்றை ஒப்புக்கொண்டார். 1953ஆம் ஆண்டுப் பதிப்பில் 'மக்கள்' என்பது 'குடியேறிகள்' என்றாயிற்று. ஒரு சொல் திருந்தியது. கதையின் பார்வை திருந்தவில்லை. 2018இல் அமெரிக்காவின் சிறுவர் நூலகச் சங்கம் அவர் பெயரில் வழங்கிய விருதின் பெயரை மாற்றியது.

இந்நூல்களை ஒதுக்கிவிட வேண்டும் என்பது என் கருத்தன்று. பக்கத்தில் இன்னொரு நூலையும் வைத்து வாசிக்க வேண்டும் என்பேன். ஒஜிப்வே வம்சத்தில் வந்த லூயிஸ் ஏர்ட்றிக், தமது குடும்ப முன்னோர் வாழ்ந்த சுப்பீரியர் ஏரித் தீவை வைத்து 1999இல் 'பேர்ச் மரப்பட்டை வீடு' என்ற நாவலை எழுதினார். 1847இல் அங்கு வாழும் ஒமகாயாஸ் என்ற ஏழு வயதுச் சிறுமியே நாயகி. அவளுக்கும் வீடுண்டு, தம்பியருண்டு, குறும்புண்டு. வெளியார் கொண்டுவந்த அம்மை நோய் ஒரு குளிர்காலத்தில் அவ்வீட்டிலும் உயிர் பறிக்கிறது.

லோரா தம் தம்பியின் மரணத்தை மறைத்தார். ஏர்ட்றிக் சிறுவர் முன்னே மரணத்தை மறைக்கவில்லை. இரு சிறுமியரும் ஒரே நாட்டின் பிள்ளைகளே. ஒருத்திக்கு எல்லைப்புறம் என்பது பயணத்தின் தொடக்கம். மற்றவளுக்கு அது முற்றத்தில் வந்து நிற்கும் அந்நியனின் காலடி. இரண்டையும் வாசித்த பிள்ளைக்கே அந்த மண்ணின் வரலாறு முழுமையாகத் தெரியவரும்.