காரைக்கால் அம்மையாரும் குன்னக்குடியின் திரையிசையும்

காரைக்கால் என்னும் ஊர்ப்பெயரைத் தமிழிசை வரலாற்றில் நிலைநிறுத்தியவர், அரசலாறு கடலோடு கலக்கும் அத்துறைமுக ஊரின் வணிகர் குடும்பத்தில் புனிதவதியாகப் பிறந்து, பின்னர் காரைக்கால் அம்மையார் எனப் போற்றப்பட்டவர். தேவார மூவருக்கும் முற்பட்டவராதலின், திருவாலங்காட்டு இறைவன்மீது அவர் பாடிய இரு பதிகங்களும் ‘மூத்த திருப்பதிகம்’ என்று பெயர்பெற்றன. பதிகம் என்பது பத்துப் பாடல்களையும் பெரும்பாலும் ஆசிரியர் பெயர் கூறும் முடிவுப் பாடலையும் கொண்ட தொகுதியாகும். இவற்றுள் ஒன்று நட்டபாடை, மற்றொன்று இந்தளம் என்னும் பண்ணில் அமைந்தது. பண் என்பது இராகத்துக்கு நிகரான பழந்தமிழ் இசைவடிவம். இவ்விரண்டும் முறையே கம்பீரநாட்டை, மாயாமாளவகௌளை இராகங்களில் இன்று பாடப்படுகின்றன. நட்டபாடைப் பதிகத்தின் ஒரே பாட்டில், துத்தம், கைக்கிளை, விளரி முதலான சுரப்பெயர்களோடு தக்கை, துந்துபி, வீணை, மத்தளம், குடமுழா, மொந்தை முதலிய கருவிகளும் அடுக்கப்பட்டிருப்பதால், அது ஓர் இசைக்குழுவின் பட்டியலாகவும் பயன்படுகிறது.

இவ்வம்மையாரின் வரலாற்றை 1973-இல் ஏ. பி. நாகராசன் ‘காரைக்கால் அம்மையார்’ என்னும் திரைப்படமாக்கியபோது, அதற்கு இசையமைத்தவர் குன்னக்குடி வைத்தியநாதன் ஆவார். 1935-இல் குன்னக்குடியில் பிறந்து, இளம் வயதிலேயே அரியக்குடி இராமானுஜ ஐயங்கார், செம்மங்குடி சீனிவாச ஐயர் போன்றோருக்குப் பக்கவாத்தியம், அதாவது பாடகரைத் தொடர்ந்து வாசிக்கும் துணைக்கருவி, வாசித்த வயலின் கலைஞர் அவர். ‘திருவிளையாடல்’, ‘தில்லானா மோகனாம்பாள்’ ஆகிய படங்களில் கே. வி. மகாதேவனின் இசையைப் பயன்படுத்திய நாகராசன், 1969-இல் ‘வா ராஜா வா’ படத்தின் வழியாக வைத்தியநாதனைத் திரையிசைக்கு அறிமுகப்படுத்தினார். ‘திருமலை தென்குமரி’ (1970), ‘அகத்தியர்’ (1972), தமிழின் முதல் சினிமாஸ்கோப் படமான ‘ராஜராஜ சோழன்’ (1973) ஆகியவை தொடர்ந்தன.

அம்மையாராக நடித்த கே. பி. சுந்தராம்பாள் நாடகமேடையில் ஒலிபெருக்கியின்றிப் பாடிப் பழகியவர். சிவகுமாரும் ஸ்ரீவித்யாவும் சிவனும் பார்வதியுமாக ஆடும் காட்சியில், தாளச் சொற்கட்டுகளோடு தொடங்கும் பாடலை அவரே பாடியுள்ளார். கோயில்களில் கேட்டுப் பழகிய தாளக்கட்டும் மேடைநாடகத்தின் உச்சக்குரலும் ஒலிப்பதிவுக் கூடத்தில் ஒன்றுசேர்ந்ததை இப்பாடலில் காணலாம்.

1977-இல் ‘நவரத்தினம்’ படத்தோடு நாகராசனின் பணி முடிவுற்ற பின்னர் வைத்தியநாதனின் திரையிசையும் குறைந்தது. 1983-இல் அவரே தயாரித்த ‘தோடி ராகம்’ படத்தில் கருநாடக இசைக் கலைஞர் டி. என். சேஷகோபாலன் நாயகனாக நடித்தார். திருவையாற்றுத் தியாகராசர் விழாப் பணியிலும் நெடுங்காலம் ஈடுபட்ட வைத்தியநாதன் 2008-இல் மறைந்தார். காரைக்காலிலோ, அம்மையார் கதையில் வரும் மாங்கனியை நினைவுகூர்ந்து ஆண்டுதோறும் ஆனிப் பௌர்ணமியில் மாங்கனித் திருவிழா நிகழும்போது, பிச்சையேற்கும் கோலத்துப் பிச்சாடனராக வீதியுலா வரும் இறைவன்முன் மக்கள் மாங்கனிகளை வீசுகின்றனர். அம்மையார் கதையை ஊர் இவ்வாறு கண்முன் நிறுத்த, திரைப்படமோ அதை ஊரறியாத செவிகளுக்கும் கொண்டுசென்றது. அம்மையாரின் கருவிப் பட்டியலில் வயலின் இல்லை. அது பல நூற்றாண்டுகள் கழித்து ஐரோப்பியர் வழியே வந்தது. ஆயினும், தம் காலத்தில் ஒலித்த கருவிகளையெல்லாம் இறைவனின் ஆட்டத்துக்குத் துணையாக்கிய அவருடைய முறையையே, வைத்தியநாதனின் இசைக்குழுவும் தன் காலத்துக் கருவிகளைக்கொண்டு பின்பற்றியது எனலாம்.