வொய்ட்செக்: கோர்ட் கேட்காத கேள்வி

இன்னைக்கு நாம பேசப்போறது 1979-ல் வந்த 'வொய்ட்செக்' என்ற ஜெர்மன் படம். இயக்குநர் வெர்னர் ஹெர்ஸாக். ஆனா, கதை ஆரம்பிக்கிறது 1821-ல், லைப்ஸிக் நகரத்தில்.

யோஹான் கிறிஸ்டியான் வொய்ட்செக் ஒரு முன்னாள் சிப்பாய். வேலை இல்லை, தங்க இடமில்லை. தன்னோடு பழகிய யோஹானா வூஸ்ட் என்ற 46 வயது விதவையைக் குத்திக் கொன்றார். காதில் குரல்கள் கேட்பதாகச் சொன்னார். கிளாருஸ் என்ற டாக்டர் இரண்டு முறை பரிசோதித்து, செய்த குற்றத்துக்கு இவரே பொறுப்பு என்று அறிக்கை கொடுத்தார். 1824-ல் சந்தைச் சதுக்கத்தில், ஊரே பார்க்க, தலையை வெட்டினார்கள்.

இந்த வழக்கை வைத்துத்தான் கியோர்க் ப்யூக்னர் நாடகம் எழுதினார். அவரும் மருத்துவம் படித்தவர். அவருடைய நாடகத்தில் வரும் டாக்டர், சில்லறைக் காசு கொடுத்து, வெறும் பட்டாணியை மட்டுமே தின்ன வைத்து வொய்ட்செக்கை ஆராய்ச்சி செய்கிறார். கேப்டனோ, அவனிடமே சவரம் செய்துகொண்டு ஒழுக்கம் பற்றிப் பாடம் எடுக்கிறார். கிடைக்கிற காசை அவன் மரீக்கும் குழந்தைக்கும் கொடுக்கிறான். அந்த மரீ இன்னொருவனோடு பழகுவது தெரிந்ததும் கத்தியை எடுக்கிறான்.

கோர்ட் கேட்டது: இவன் புத்தி தெளிவாக இருந்ததா? ப்யூக்னர் கேட்டது: இவனை இப்படி ஆக்கியது யார்?

1837-ல், 23 வயசில், நாடகத்தை முடிக்காமலே அவர் இறந்துபோனார். காட்சிகளின் வரிசைகூட முடிவாகவில்லை. அச்சுக்கு வந்தது 1879-ல். மேடை ஏறியது 1913-ல்!

ஹெர்ஸாக் 'நோஸ்ஃபெராட்டு' படப்பிடிப்பு முடிந்த ஐந்தாவது நாளே, அதே குழுவோடு இதைத் தொடங்கினார். செக்கோஸ்லோவாக்கியாவின் டெல்ச் என்ற ஊரில், 18 நாளில் எடுத்து முடித்தார். வொய்ட்செக்காக வரும் கிளாவுஸ் கின்ஸ்கியின் முகத்தில் அப்படி ஒரு களைப்பு. பெரும்பாலும் கேமரா அசையாமல் நிற்கிறது, வெட்டுகளும் ரொம்பக் குறைவு. டாக்டர் அவனை அவமானப்படுத்தும்போது நாமும் கூடவே நின்று பார்த்தாக வேண்டும்.

ஆனா, ஒரு விஷயத்தை நான் விடமாட்டேன். அவன்மேல் பரிதாபப்படுகிற வேகத்தில் செத்துப்போன பெண்ணை மறந்துடக் கூடாது. நாடகத்துக்குப் பேராகி நிற்பவர் கொன்றவர். யோஹானா வூஸ்ட் பேரை எத்தனை பேருக்குத் தெரியும்? படத்தில் மரீயாக நடித்த எவா மத்தெஸ், அவளை வெறும் 'துரோகம் செஞ்சவள்' ஆக்காமல், ஆசையும் குற்ற உணர்வும் உள்ள மனுஷியாகக் காட்டுகிறார். அதற்காக கான் விழாவில் சிறந்த துணை நடிகை விருதும் வாங்கினார்.

சுமார் 80 நிமிஷப் படம்தான். பார்த்துட்டு, நீங்க யாரைக் குற்றவாளிக் கூண்டில் ஏத்துவீங்கன்னு எனக்குச் சொல்லுங்க.